சிறிய நாடொன்றின் பதப்படுத்திய இறைச்சி வணிகத்தையும் விலைப்போக்கையும் கணிக்கும் முறை

சிறிய நாடொன்று ஓராண்டு முழுவதும் இறக்குமதி செய்யும் பதப்படுத்திய இறைச்சி சில வேளைகளில் நூறு கன்டெய்னருக்குள் அடங்கிவிடும். பெரிய நாட்டில் ஆயிரக்கணக்கான சரக்குகள் ஒன்றோடொன்று கலந்து சராசரியாகிவிடுவதால், ஒரு சரக்கின் தனி விலையோ பதிவு செய்தவரின் கைப்பிழையோ மொத்தக் கணக்கில் தெரியாமல் கரைந்துபோகும். சிறிய நாட்டில் அது கரைவதில்லை. ஒரே ஒரு கன்டெய்னர் அந்த மாதத்தின் வரைகோட்டை மலையாகவோ பள்ளமாகவோ காட்டிவிடும். ஆகவே இந்த வேலையில் இறங்குபவர் முதலில் மனத்தில் இருத்த வேண்டியது இதுதான்: மொத்த மதிப்பை மொத்த எடையால் வகுத்துக் கிடைக்கும் எண் பெரும்பாலும் விலை அல்ல; அந்த ஆண்டு வந்த சரக்குகளின் கலவை எப்படி இருந்தது என்பதன் அடையாளம் மட்டுமே. அந்தக் கலவையிலிருந்து உண்மையான விலை அசைவைப் பிரித்தெடுக்கும் வழியைத்தான் இங்கே படிப்படியாக விளக்குகிறேன்.

எதைப் பதப்படுத்திய இறைச்சி என்று எண்ணுவது

எல்லையை வகுக்காமல் தரவைத் திறக்கக் கூடாது. உலகச் சுங்க அமைப்பு உருவாக்கி 1988 ஜனவரி 1 முதல் நடைமுறைக்கு வந்த எச்.எஸ். வகைப்பாட்டில், அதாவது வணிகப் பண்டங்களுக்கு எண் குறியிடும் சர்வதேச முறையில், பதப்படுத்திய இறைச்சி ஒரே இடத்தில் இல்லை. உப்பிட்டது, உப்புநீரில் ஊறியது, உலர்த்தியது, புகையூட்டியது ஆகியவை 0210 என்ற தலைப்பில் வருகின்றன. நம் உப்புக்கண்டம் போன்ற பண்டங்களும், பன்றித் தொடையை எலும்போடு உப்பிட்டு உலர்த்திய ஹாமும் இதில் சேரும். சாசேஜும் அதைப் போன்றவையும் 1601. டின்னில் அடைத்த மாட்டிறைச்சி, வேகவைத்த ஹாம், ஈரல் பசை, சமைத்து உறையவைத்த கோழித் துண்டுகள் ஆகியவை 1602. இந்த மூன்று தலைப்புகளையும் எடுத்துக்கொள்ள வேண்டும். மீன் வகைகள் 1604 என்ற தனித் தலைப்பில் இருப்பதால் அவை நமக்கு வேண்டியதில்லை.

16 என்று தொடங்கும் தலைப்புகள் அடங்கிய பதினாறாம் அத்தியாயத்தில் ஒரு முக்கியமான குறிப்பு உண்டு. எடையில் 20 விழுக்காட்டுக்கு மேல் இறைச்சி இருக்கும் உணவுத் தயாரிப்புகளே பொதுவாக அந்த அத்தியாயத்தில் சேரும். இறைச்சி திணித்த மாவுப் பண்டங்கள், சூப் வகைகள் போன்ற சில இதற்கு விலக்கு. ஆகவே இறைச்சி கலந்த எல்லா டின்களும் நமது கணக்கில் வந்துவிட்டதாக எண்ணிவிடக் கூடாது.

1602-இன் உட்பிரிவுகளை ஆறு இலக்க அளவில் பிரித்தே எடுக்க வேண்டும் என்பதை இங்கேயே அழுத்திச் சொல்கிறேன். 1602.50 மாட்டிறைச்சி, 1602.41 பன்றித் தொடை, 1602.42 பன்றித் தோள், 1602.31 வான்கோழி, 1602.32 கோழி. இவற்றுள் 1602.32 தனிக் கவனம் கேட்கும். சமைத்து, மாவு பூசி, உறையவைத்த கோழித் துண்டுகள் இதில்தான் பதிவாகின்றன. அவை குளிர்பதனக் கன்டெய்னரில் வருபவை. மின்சாரமும் குளிர்கிடங்கும் இல்லாமல் நிற்காதவை. அறை வெப்பத்தில் ஆண்டுக்கணக்கில் கெடாமல் இருக்கும் டின்னும் இதுவும் ஒரே வகை என்று சேர்த்தால், கப்பல் கட்டணம் முதல் கடை இருப்பு வரை எதுவுமே ஒத்துப்போகாது. அறை வெப்பத்தில் நிற்பவை, குளிரில் மட்டும் நிற்பவை என்று இரண்டு தொகுதியாகப் பிரித்துவிட்டு மேலே செல்வதே என் வழக்கம்.

தலைப்புகளுக்கு இடையிலான எல்லை வெறும் ஏட்டுச் சிக்கல் அல்ல. பணம் அங்கேதான் இருக்கிறது. உலக வர்த்தக அமைப்பில் பிரேசிலும் தாய்லாந்தும் ஐரோப்பியச் சமூகத்துக்கு எதிராகத் தொடுத்த வழக்கு இதற்குச் சரியான சான்று. எலும்பு நீக்கிய கோழித் துண்டுகளில் 1.2 முதல் 3 விழுக்காடு வரை உப்புச் சேர்த்து உறையவைத்து அனுப்பினார்கள். அதை உப்பிட்ட இறைச்சி என்று 0210-இல் சேர்த்தால் மதிப்பில் 15.4 விழுக்காடு வரி. உறைந்த கோழி என்று 0207-இல் சேர்த்தால் 100 கிலோவுக்கு 102.4 யூரோ வரி. இரண்டாவது பல மடங்கு கனமானது. நெடுங்காலம் பாதுகாக்கும் நோக்கில் உப்பிட்டிருந்தால் மட்டுமே 0210 பொருந்தும் என்று 2002-இல் ஐரோப்பியத் தரப்பு வகைப்பாட்டை மாற்றியது. 2005 செப்டம்பரில் மேல்முறையீட்டு அமைப்பு, உப்பிட்டது என்ற சொல்லுக்கு அத்தகைய குறுகிய பொருள் இல்லை என்று கூறி, ஏற்றுமதி செய்த நாடுகளின் பக்கம் தீர்ப்பளித்தது. இதிலிருந்து நமக்குக் கிடைக்கும் பாடம் ஒன்று உண்டு. ஒரு தலைப்பில் அளவு திடீரென்று உயர்ந்து, பக்கத்துத் தலைப்பில் அதே அளவு குறைந்திருந்தால், மக்களின் சுவை மாறிவிட்டது என்று எழுதும் முன்பு அந்த நாட்டின் வரி அட்டவணையைத் திறந்து பார்க்க வேண்டும்.

இன்னொன்று, எச்.எஸ். வகைப்பாடு 1996, 2002, 2007, 2012, 2017, 2022 ஆகிய ஆண்டுகளில் திருத்தப்பட்டது. நீண்ட காலத் தொடர் எடுப்பவர் எந்தப் பதிப்பில் தரவை இறக்கினார் என்று குறித்துக்கொள்ள வேண்டும். நாடுகள் புதிய பதிப்புக்கு ஒரே ஆண்டில் மாறுவதில்லை. சிறிய நாடுகள் சில ஆண்டுகள் தாமதமாகவே மாறுகின்றன.

தரவைச் சேர்த்தல்

நாடுகள் அனுப்பும் ஏற்றுமதி இறக்குமதிப் பதிவுகளைத் திரட்டி வைக்கும் ஐ.நா. காம்ட்ரேட் தளம் முதல் வாசல். சர்வதேச வணிக மையத்தின் டிரேட் மேப், உலக வங்கியின் விட்ஸ் ஆகியவையும் பெரும்பாலும் அதே ஊற்றிலிருந்து நீர் எடுப்பவை என்பதால், மூன்றிலும் ஒரே எண் வந்தால் அது மும்முறை உறுதியாகிவிட்டது என்று மகிழக் கூடாது. உண்மையான சரிபார்ப்பு வேண்டுமென்றால் அந்த நாட்டின் புள்ளியியல் துறையோ சுங்கத் துறையோ வெளியிடும் மாதாந்தர அட்டவணையோடு ஒப்பிட வேண்டும்.

சிறிய நாடுகள் எல்லா ஆண்டும் தரவு அனுப்புவதில்லை. அப்போது மறுபக்கத்திலிருந்து நுழைய வேண்டும். அதாவது, அந்த நாட்டுக்கு விற்றதாக மற்ற நாடுகள் பதிவு செய்த ஏற்றுமதியைக் கூட்டி இறக்குமதியை மதிப்பிட வேண்டும். இதில் மூன்று பொறிகள் உள்ளன. முதலாவது விலையின் அடிப்படை. இறக்குமதி பொதுவாக சி.ஐ.எஃப். மதிப்பில், அதாவது சரக்கு விலையோடு காப்பீடும் கப்பல் கட்டணமும் சேர்த்துப் பதிவாகிறது, ஏற்றுமதி எஃப்.ஓ.பி. மதிப்பில், கப்பலில் ஏற்றும் வரையிலான செலவோடு நின்றுவிடுகிறது. இரண்டையும் ஒரே தொடரில் ஒட்டினால், ஒட்டிய ஆண்டில் விலை விழுந்ததாக ஒரு பொய்த்தோற்றம் வரும். சர்வதேச நாணய நிதியம் இந்த இடைவெளிக்கு நெடுங்காலம் 10 விழுக்காட்டைப் பயன்படுத்தி, பின்னர் 6 விழுக்காடாகக் குறைத்தது. கப்பல்கள் அடிக்கடி ஓடும் பெரிய வழித்தடங்களுக்கு அது போதலாம். பெருந்துறைமுகங்களுக்கு எட்டாத தீவுக்கு அது போதாது. ஆகவே இரு தரப்புத் தரவும் கிடைக்கும் ஆண்டுகளை வைத்து அந்த நாட்டுக்கென்றே ஒரு விகிதத்தைக் கணக்கிட்டு, அதைக் கொண்டு விடுபட்ட ஆண்டுகளைத் திருத்துவதே நல்லது.

இரண்டாவது பொறி, இடைத்துறைமுகம். சரக்கு பெரிய துறைமுகம் ஒன்றில் இறங்கி, சிறு கப்பலுக்கு மாறி வரும்போது, விற்ற நாடு அந்த இடைத்துறைமுகத்தையே சேருமிடமாக எழுதியிருக்கக் கூடும். வாங்கிய நாடோ சரக்கு உற்பத்தியான நாட்டையே எழுதும். இரு பக்கமும் பொய் சொல்லவில்லை, ஆனால் எண்கள் பொருந்தா. மூன்றாவது பொறி, ஒரு நாடு பொது வணிக முறையில் கணக்கிடுகிறதா, சிறப்பு வணிக முறையில் கணக்கிடுகிறதா என்பது. முதல் முறையில் சுங்கக் கிடங்குக்குள் வந்த சரக்கும் இறக்குமதியாகும். இரண்டாம் முறையில் உள்நாட்டுப் பயன்பாட்டுக்கு விடுவிக்கப்பட்டது மட்டுமே இறக்குமதி. கப்பல்களுக்கும் விமானங்களுக்கும் உணவு வழங்கும் சிறிய நாட்டில் இந்த வேறுபாடு பெரிதாகவே இருக்கும். இறக்கிய சரக்கை அப்படியே வேறு நாட்டுக்கு அனுப்பும் மறு ஏற்றுமதியையும் தனியே கழித்துப் பார்க்காமல், மக்கள் இவ்வளவு சாப்பிட்டார்கள் என்று சொல்லிவிடக் கூடாது.

காம்ட்ரேட்டில் எடை வராத பதிவுகளுக்கு, கிலோவுக்கு வழக்கமாக வரும் மதிப்பைக் கொண்டு எடையை மதிப்பிட்டு நிரப்பி, அதற்கு ஓர் அடையாளக் குறியும் இடுகிறார்கள். அளவைப் பார்க்க அது உதவும். விலையைப் பார்க்க அந்தப் பதிவை எடுக்கவே கூடாது. ஏனெனில் விலையிலிருந்து எடையைக் கண்டுபிடித்து, அந்த எடையைக் கொண்டு மீண்டும் விலையைக் கண்டுபிடித்தால், சுற்றி வந்து புறப்பட்ட இடத்திலேயே நிற்போம்.

எடைப் பத்தியைச் சோதித்தல்

விலைக் கணக்கில் பிழை பெரும்பாலும் மதிப்பில் வருவதில்லை. வரி வசூலிப்பதால் மதிப்பைச் சுங்கம் கவனமாகப் பார்க்கும். எடையைப் பலர் அவ்வளவாகக் கவனிப்பதில்லை. இந்த வேலையில் இறங்கிய தொடக்க காலத்தில், டின் மாட்டிறைச்சியின் விலை ஒரு மாதத்தில் கிலோ 5 டாலரிலிருந்து 40 டாலருக்குத் தாவியதைக் கண்டு, பற்றாக்குறை வந்துவிட்டது என்று அரைப்பக்கம் எழுதிவிட்டேன். அனுப்பும் முன்பு மூத்த சக ஊழியர் ஒருவர் அந்த மாதத்தின் ஒற்றைப் பதிவைத் திறந்து காட்டினார். எடை 2,000 கிலோ, மதிப்பு 81,600 டாலர், வகுத்தால் 40.80. பிறகு அவர் ஒரு டின்னின் அடிப்பக்கத்தைப் பார்க்கச் சொன்னார். நிகர எடை 340 கிராம். அட்டைப்பெட்டிக்கு 24 டின். பெருக்கினால் 8.16 கிலோ. 40.80-ஐ 8.16-ஆல் வகுத்தால் அச்சாக 5 வந்தது. வந்தது 2,000 அட்டைப்பெட்டி. எழுதப்பட்டது 2,000 கிலோ. அன்று முதல், விலை தாவும்போதெல்லாம் அந்தத் தாவலின் மடங்கைக் கணக்கிட்டு, அது ஓர் அட்டைப்பெட்டியின் எடையோடு பொருந்துகிறதா என்று முதலில் பார்க்கிறேன். ஆயிரம் மடங்கு என்றால் டன்னும் கிலோவும் இடம் மாறியிருக்கும், 2.2 மடங்கு என்றால் பவுண்டும் கிலோவும் குழம்பியிருக்கும்.

நிகர எடை, மொத்த எடை, வடித்த எடை ஆகிய மூன்றும் வேறு. தகரமும் அட்டையும் சேர்ந்த மொத்த எடையை ஒரு மாதமும், உள்ளிருக்கும் இறைச்சியின் நிகர எடையை மறு மாதமும் எழுதினால், விலையே மாறாமல் வரைகோடு அசையும். உப்புநீரில் மிதக்கும் சாசேஜுக்கு வடித்த எடையே உண்மையான எடை. உலர்த்திய பண்டங்களில் இன்னொரு நுட்பம் இருக்கிறது. நீண்ட நாள் உலர்த்திய ஹாம் ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்கு எடையை இழக்கிறது. மெல்லிய வார்களாக நன்கு உலர்த்திய மாட்டிறைச்சி ஒரு கிலோவுக்கு இரண்டரை முதல் மூன்று கிலோ வரை பச்சை இறைச்சியைக் கேட்கும். எனவே அது கிலோவுக்கு அதிக விலையில் இருப்பதை வைத்து, அதை ஆடம்பரப் பண்டம் என்று முடிவு கட்டிவிட முடியாது.

கலவையைப் பிரித்து விலையைக் காணுதல்

இந்த வழிகாட்டியின் நடுநரம்பு இந்தப் பகுதிதான். எண்களை எளிமையாக வைத்து ஒரு கற்பனைக் கணக்கைப் போட்டுக் காட்டுகிறேன். முதல் ஆண்டில் ஒரு நாடு 80 டன் டின் மாட்டிறைச்சியைக் கிலோ 5.00 டாலருக்கும், 20 டன் சாசேஜைக் கிலோ 3.00 டாலருக்கும் வாங்குகிறது. மொத்தம் 100 டன், 4,60,000 டாலர். சராசரி கிலோ 4.60. இரண்டாம் ஆண்டில் மாட்டிறைச்சி 5.30 ஆகவும் சாசேஜ் 3.20 ஆகவும் ஏறிவிடுகின்றன. மாட்டிறைச்சி கட்டுப்படியாகாமல் மக்கள் சாசேஜுக்கு நகர்கிறார்கள். 50 டன் மாட்டிறைச்சி, 70 டன் சாசேஜ். மொத்தம் 120 டன், 4,89,000 டாலர். சராசரி 4.075.

வாங்கிய ஒவ்வொரு பண்டத்தின் விலையும் 6 விழுக்காட்டுக்குக் குறையாமல் ஏறியிருக்கிறது. சராசரியோ 11 விழுக்காட்டுக்கு மேல் இறங்கியிருக்கிறது. சராசரியை மட்டும் பார்த்தவர், பதப்படுத்திய இறைச்சி மலிவாகிவிட்டது, அதனால்தான் அதிகம் வாங்குகிறார்கள் என்று எழுதுவார். உண்மையில் நடந்தது விலையேற்றமும், அதனால் மலிவுச் சரக்குக்கு இறங்கிய குடும்பங்களும். இவ்விரண்டு கூற்றுகளும் ஒன்றுக்கொன்று நேர் எதிரானவை, அவற்றின் மீது எடுக்கப்படும் முடிவுகளும் எதிரானவையே. அதனால்தான் இந்தப் படியை யாரும் தாண்டிச் செல்லக் கூடாது என்று வலியுறுத்துகிறேன்.

தீர்வு கடினமானதல்ல. முதல் ஆண்டின் அளவை அப்படியே நிறுத்தி, இரண்டாம் ஆண்டின் விலையைப் போட்டுப் பாருங்கள்: 80 டன்னை 5.30-ஆலும் 20 டன்னை 3.20-ஆலும் பெருக்கினால் 4,88,000. அதை 4,60,000-ஆல் வகுத்தால் 1.061. இது லாஸ்பேயர் குறியீடு. அடுத்து இரண்டாம் ஆண்டின் அளவை நிறுத்தி முதல் ஆண்டு விலையைப் போட்டால் 4,60,000 வருகிறது. உண்மையில் செலவான 4,89,000-ஐ அதனால் வகுத்தால் 1.063. இது பாஷே குறியீடு. இரண்டையும் பெருக்கி வர்க்கமூலம் எடுத்தால் ஃபிஷர் குறியீடு, ஏறத்தாழ 1.062. விலை 6.2 விழுக்காடு ஏறியது என்பதே விடை. ஆறு இலக்க உட்பிரிவு ஒவ்வொன்றையும், முடிந்தால் சரக்கு வந்த நாடு ஒவ்வொன்றையும் தனித்தனிப் பண்டமாக வைத்து இதே கணக்கைச் செய்ய வேண்டும். ஒரு நாட்டிலிருந்து வரும் 1602.50-உம் மற்றொரு நாட்டிலிருந்து வரும் 1602.50-உம் தரத்தில் ஒன்றல்ல; ஒன்று கட்டி இறைச்சி, மற்றொன்று கொழுப்பும் மாவும் கலந்த பசையாக இருக்கலாம்.

மாதத்தில் இரண்டு மூன்று சரக்குகளே வரும் பண்டத்துக்கு மாதக் குறியீடு போட்டு ஏமாற வேண்டாம். காலாண்டாகத் தொகுத்தாலும் அசைவு அடங்கவில்லை என்றால் கடந்த 12 மாதங்களை நகர்த்திக்கொண்டே கூட்டுங்கள். ஒவ்வொரு சரக்கின் விலையும் தனித்தனியே கிடைக்குமானால் சராசரியை விட நடுமதிப்பு, அதாவது விலைகளை வரிசைப்படுத்தினால் நடுவில் நிற்கும் எண், நல்லது; விமானத்தில் வந்த நூறு கிலோ உயர்தர ஹாம் சராசரியை உலுக்கும், நடுமதிப்பை அசைக்காது.

துறைமுக விலையிலிருந்து கடை விலைக்கு

துறைமுகத்துக்கு வந்து சேர்ந்த விலையும், குடும்பம் கடையில் கொடுக்கும் விலையும் ஒரே வேகத்தில் நகர்வதில்லை. இடையில் இருப்பவை சுங்க வரி, மதிப்புக் கூட்டு வரி, துறைமுகச் செலவு, மொத்த வியாபாரியின் லாபம், சில்லறைக் கடையின் லாபம், இவற்றோடு நாணய மாற்று விகிதம். இவற்றை ஒரு தாளில் மேலிருந்து கீழாக எழுதி அடுக்குவதுதான் எளிய வழி.

உதாரணத்துக்கு, சரக்கு விலை 92 ரூபாய், கப்பல் கட்டணமும் காப்பீடும் 8 ரூபாய் என்று கொள்வோம். வந்து சேரும் விலை 100. அதன் மீது 20 விழுக்காடு சுங்க வரி, கூட்டுத்தொகையின் மீது 15 விழுக்காடு மதிப்புக் கூட்டு வரி என்றால் 138 ஆகிறது. இப்போது கப்பல் கட்டணம் மட்டும் 8-லிருந்து 16 ஆகட்டும். வந்து சேரும் விலை 108. வரிகளுக்குப் பின் 149.04. எட்டு ரூபாய் கட்டண உயர்வு பதினொன்றாக வெளிவருகிறது. உயர்வின் மீதும் வரி ஏறுகிறது. 2021-இல் உலகக் கன்டெய்னர் கட்டணங்கள் பல மடங்கு உயர்ந்தபோதும், 2023-இன் கடைசியிலிருந்து செங்கடல் வழி ஆபத்தாகிக் கப்பல்கள் ஆப்பிரிக்காவைச் சுற்றிச் செல்ல நேர்ந்தபோதும், இறைச்சியின் மூல விலை உயர்வைத் தாண்டியும் தொலைதூர நாடுகளில் விலை உயர இது ஒரு வழி.

வரி மதிப்பின் விழுக்காடாக இல்லாமல் கிலோவுக்கு இவ்வளவு என்று இருந்தால் கதை மாறும். கிலோவுக்கு 1 டாலர் வரி, 4 டாலர் சரக்குக்கு 25 விழுக்காடு. அதே சரக்கு 5 டாலரானால் 20 விழுக்காடு. விலையேற்றத்தின்போது இது கொஞ்சம் மெத்தைபோல் தாங்கும். ஆனால் மலிவான சரக்கைத்தான் அது கடுமையாகத் தாக்கும், அதாவது ஏழையின் டின்னை. எந்த வகை வரி என்பதை அறியாமல் கடை விலையை விளக்க முயலக் கூடாது.

கடை விலைக்கு அந்த நாட்டின் நுகர்வோர் விலைக் குறியீட்டைப் பார்ப்பது வழக்கம். ஆனால் பல நாடுகளில் வெளியிடப்படுவது இறைச்சி என்ற பெரிய தொகுதியின் எண் மட்டுமே. அதில் பச்சை இறைச்சிதான் பெரும்பங்கு. உள்ளே டின் இறைச்சிக்கோ சாசேஜுக்கோ தனிப் பண்ட விலை சேகரிக்கிறார்களா என்று புள்ளியியல் துறைக்கு ஒரு கடிதம் எழுதிக் கேட்கலாம். சேகரித்திருந்தால் சராசரி விலைகளைப் பெரும்பாலும் தருவார்கள். கூடவே, நீங்களே மாதம் ஒருமுறை அதே ஐந்தாறு கடைகளில், அதே பண்டங்களை, அதே அளவில் குறித்து வாருங்கள். விலையோடு நிகர எடையையும் எழுதுவது கட்டாயம். டின்னின் உருவமும் விலையும் அப்படியே இருக்க, எடை மட்டும் சில கிராம் குறைந்துபோகும் நாள் வரும். விலையை மட்டும் எழுதியவருக்கு அந்த உயர்வு தெரியவே தெரியாது.

வந்து சேர்ந்த விலைத் தொடரையும் கடை விலைத் தொடரையும் உள்நாட்டு நாணயத்தில் ஒரே தாளில் வரைந்து, முதலாவதை ஒரு மாதம், இரண்டு மாதம், மூன்று மாதம் என்று பிந்தைய மாதங்களை நோக்கி நகர்த்திப் பாருங்கள். எங்கே இரண்டும் நன்றாகப் பொருந்துகின்றனவோ அதுவே அந்த நாட்டின் தாமதம். டின் சரக்கு பல ஆண்டு கெடாமல் இருப்பதால் வியாபாரி பழைய விலைச் சரக்கைக் கிடங்கில் வைத்திருப்பார், தாமதம் நீளும். குளிர்ச் சாசேஜில் அது குறையும். விலை ஏறும்போதும் இறங்கும்போதும் தாமதம் ஒன்றுதானா என்று தனித்தனியாகப் பார்க்கவும் தவறாதீர்கள். இறக்குமதியாளர்கள் இருவர் மூவரே இருக்கும் சந்தையில், துறைமுக விலை இறங்கிய பிறகும் கடை விலை பல மாதம் இறங்காமல் நிற்பதை நான் திரும்பத் திரும்பப் பார்த்திருக்கிறேன். அதை எண்ணோடு காட்டுவது இந்த ஆய்வால் மக்களுக்குக் கிடைக்கும் மிகப் பெரிய பயன்களில் ஒன்று என்பது என் எண்ணம்.

உலக நிகழ்வோடு பொருத்துதல்

சிறிய நாடு உலக விலையை ஏற்றுக்கொள்ளும், நிர்ணயிக்காது. ஆகவே வெளியில் என்ன நடந்தது என்ற நாட்குறிப்பு பக்கத்தில் இருக்க வேண்டும். ஐ.நா.வின் உணவு வேளாண்மை அமைப்பு மாதந்தோறும் வெளியிடும் உணவு விலைக் குறியீட்டில் இறைச்சிக்குத் தனிக் குறியீடு உண்டு. 2014 முதல் 2016 வரையிலான சராசரியை 100 என்று வைத்துக் கணக்கிடுகிறார்கள். அது மாடு, பன்றி, கோழி, ஆடு ஆகியவற்றின் இறைச்சியை அளப்பது, டின்னை அல்ல. எனவே மூலப்பொருளின் திசையைக் காட்டும் காற்றாடியாக மட்டும் அதைக் கொள்ளுங்கள்.

2018 ஆகஸ்டில் சீனாவில் ஆப்பிரிக்கப் பன்றிக் காய்ச்சல் உறுதியானது. மறு ஆண்டு அந்நாட்டில் பன்றி இறைச்சி விலை இரு மடங்குக்கு மேல் உயர்ந்து, உலகச் சந்தையில் பன்றி மட்டுமன்றி மாட்டிறைச்சியும் கோழியும்கூட அங்கே இழுத்துச் செல்லப்பட்டன. பன்றியே வாங்காத ஒரு நாட்டின் டின் மாட்டிறைச்சி விலை 2019-இன் இறுதியில் ஏறியிருந்தால் இதை நினைவில் கொள்ள வேண்டும். 2017 மார்ச்சில் பிரேசில் காவல் துறை இறைச்சி ஆய்வு முறைகேட்டை வெளிக்கொணர்ந்தபோது பல நாடுகள் தற்காலிகமாக அங்கிருந்து வாங்குவதை நிறுத்தின அல்லது கட்டுப்படுத்தின; அத்தகைய தடையின்போது சிறிய நாட்டின் தரவில் விலை மாறுவதற்கு முன்பே சரக்கு வரும் நாடு மாறும். விலைப் பத்தியோடு நாட்டுப் பத்தியையும் பார்க்கச் சொல்வது இதனால்தான்.

பருவ அசைவில் ஒரு நுணுக்கம் உண்டு. கிறிஸ்துமஸுக்கான ஹாம் ஆண்டுதோறும் அதே மாதங்களில் இறங்கும். ரமலானோ ஆண்டுக்குப் பத்துப் பதினொரு நாள் முன்னேறிக்கொண்டே வரும். இந்த ஆண்டு மார்ச்சைச் சென்ற ஆண்டு மார்ச்சோடு ஒப்பிடும் வழக்கமான முறை முஸ்லிம் மக்கள் மிகுந்த நாட்டில் தவறான முடிவைத் தரும். அங்கே சந்திர நாட்காட்டியின் மாதத்தோடு மாதத்தை ஒப்பிட வேண்டும்.

எழுதும்போது

தலைக்கு எவ்வளவு என்ற எண்ணை எல்லோரும் கேட்பார்கள். உள்நாட்டு உற்பத்தியோடு இறக்குமதியைக் கூட்டி, ஏற்றுமதியையும் மறு ஏற்றுமதியையும் கழித்து, மக்கள்தொகையால் வகுப்பது பொதுவான முறை. சுற்றுலாவால் வாழும் சிறிய நாட்டில் இப்படி வகுத்தால் உள்ளூர் மக்கள் மீது பொய்யான பழி விழும். ஆண்டுக்கு வந்த பயணிகளின் எண்ணிக்கையை அவர்கள் தங்கிய சராசரி நாட்களால் பெருக்கி, 365-ஆல் வகுத்து, கிடைக்கும் எண்ணை மக்கள்தொகையோடு சேர்த்த பின்பே வகுக்க வேண்டும். ஹோட்டல் காலை உணவில் போகும் பேக்கனும் சாசேஜும் எவ்வளவு என்பது அப்போதுதான் ஓரளவு விளங்கும்.

அறிக்கையில் மூன்று வரைகோடுகள் போதும்: வகை பிரித்த இறக்குமதி அளவு, கலவை நீக்கிய விலைக் குறியீடு, கடை விலை. மூன்றையும் தனித்தனியாகப் போடுங்கள். இரண்டு அளவுகோலை ஒரே படத்தில் திணித்தால் ஒன்றோடொன்று சேர்ந்து ஓடுவதுபோலத் தோன்றும் மாயம் எளிதில் வந்துவிடும். நீக்கிய பதிவுகள் எவை, எதற்காக நீக்கினீர்கள், திருத்திய எடை எது என்பதை அடிக்குறிப்பில் எழுதுங்கள். தரவை இறக்கிய தேதியையும் கோப்பின் பெயரிலேயே சேர்த்து வையுங்கள். சுங்கத் துறைகள் கடந்த ஆண்டுகளின் எண்களைத் திருத்திக்கொண்டே இருப்பதால், ஆறு மாதம் கழித்து அதே கேள்வியைக் கேட்டால் வேறு விடை வரும். அப்போது மாறியது சந்தையா, பதிவா என்று அந்தத் தேதியை வைத்துத்தான் சொல்ல முடியும்.